லோடுமேன் வேலை பாக்குறவங்க நலவாரியத்துல பதியுறது எப்படி? புதுசா வர்றவங்களுக்கு முதல்ல இருந்து

மண்டியில, லாரி ஆபீஸ்ல, குடோன்ல, நெல் கொள்முதல் நிலையத்துல மூட்டை தூக்குறவங்களுக்கும், அவங்களுக்காக போனை வச்சுக்கிட்டு ஃபார்ம் ஃபில் பண்ணப்போற பிள்ளைங்களுக்கும் சேர்த்துதான் இதை எழுதுறேன். ஏன்னா நிறைய வீட்டுல அப்பாவுக்கு ஓடிபி எங்க வரும்னு தெரியாது, பிள்ளைக்கு அப்பா எந்த வாரியத்துல வருவார்னு தெரியாது, ரெண்டு பேருக்கும் நடுவுல ஒரு புரோக்கர் பூந்து காசு வாங்கிட்டு அவர் நம்பரையே போட்டு பதிஞ்சு விட்டுடுறார், அப்புறம் கார்டு எங்க இருக்குன்னே குடும்பத்துக்கு தெரியாம போயிடுது.

அதனால முதல்லயே சொல்லிடுறேன், பதிவுக்கு கட்டணம் கிடையாது. புதுப்பிக்கிறதுக்கும் கிடையாது. இசேவை மையத்துலயோ பிரவுசிங் சென்டர்லயோ போய் பண்ணினா அங்க ஸ்கேன், பிரிண்ட்னு சர்வீஸ் காசு வாங்குவாங்க, அது வேற. "வாரியத்துக்கு கட்டணும்"னு சொல்லி யாராச்சும் காசு கேட்டா குடுக்காதீங்க.

இது என்ன சட்டம், என்ன கிடைக்கும்

தமிழ்நாட்டுல 1982-ல உடலுழைப்புத் தொழிலாளர்களுக்குன்னு ஒரு சட்டம் போட்டாங்க, வேலையை ஒழுங்குபடுத்துறதுக்கும் வேலை நிலைமைக்கும். அந்த சட்டத்துக்கு கீழதான் 1994-ல கட்டுமானத் தொழிலாளர் வாரியம் வந்துச்சு, 1999-ல உடலுழைப்புத் தொழிலாளர் நல வாரியம் வந்துச்சு. சுமைப்பணி, அதாவது ஏத்துறது இறக்குறது சுமக்குறது எல்லாம் இந்த உடலுழைப்பு வாரியத்துலதான் வரும்.

இங்க ஒண்ணை புரிஞ்சுக்கிட்டா பின்னாடி ஏமாத்தம் வராது. மகாராஷ்டிராவுல 1969-லயே மாத்தாடி சட்டம்னு வந்துடுச்சு, மும்பை மார்க்கெட்ல மூட்டை தூக்குறவங்களை அண்ணாசாகேப் பாட்டீல் ஒண்ணுசேர்த்து போராடி கொண்டுவந்த சட்டம் அது. கேரளாவுல 1978-ம் வருஷத்து சுமட்டுத் தொழிலாளர் சட்டம் இருக்கு. அந்த ரெண்டு இடத்துலயும் வாரியம் கூலி விஷயத்துக்குள்ளயே வரும், கடைக்காரர் கூலியை வாரியத்துல கட்டணும், அதுக்கு மேல லெவின்னு ஒரு கூடுதல் தொகையும் கட்டணும், வாரியம் அதுல இருந்து தொழிலாளிக்கு கூலி, பிஎஃப் (வருங்கால வைப்பு நிதி), போனஸ்னு பிரிச்சு குடுக்கும். நம்ம ஊரு வாரியம் அப்படி இல்ல. இங்க ஏத்துக்கூலி இறக்குக்கூலி எல்லாம் சங்கமும் வியாபாரிங்களும் உக்காந்து பேசி முடிவு பண்றதுதான், வாரியம் குடுக்குறது உதவித்தொகை: பிள்ளைங்க படிப்புக்கு, கல்யாணத்துக்கு, பிரசவத்துக்கு, கண்ணாடிக்கு, விபத்துல கை கால் போனா, இறந்து போனா குடும்பத்துக்கு, அப்புறம் 60 வயசு முடிஞ்சா மாசாமாசம் பென்ஷன். கூலியையும் சட்டத்துக்குள்ள கொண்டு வரணும்ங்கிறதுதான் என் ஆசை, ஆனா இப்போ இருக்குறதையே பாதி பேர் வாங்காம விடுறாங்கன்னா அதை முதல்ல சரி பண்ணணும்ல.

யார் யார் பதியலாம்

வயசு 18 முடிஞ்சிருக்கணும், 60 தாண்டியிருக்கக் கூடாது. பிஎஃப்போ இஎஸ்ஐயோ (தொழிலாளர் அரசு காப்பீடு) பிடிக்கிற வேலையில இருக்கக் கூடாது. அப்புறம் ஒருத்தர் ஒரு வாரியத்துலதான் இருக்க முடியும். இந்த மூணும்தான் அடிப்படை.

இதுல பிஎஃப் விஷயத்தை கொஞ்சம் நின்னு பாருங்க. பெரிய கம்பெனி குடோன்ல, கூரியர் ஹப்ல, கான்ட்ராக்டர் மூலமா லோடிங் பாக்குறவங்களுக்கு சில இடத்துல பிஎஃப் இஎஸ்ஐ பிடிப்பாங்க, ஆனா தொழிலாளிக்கே அது தெரியாது. அதனால சம்பள சீட்டை வாங்கி பாருங்க, இல்லன்னா மத்திய அரசோட உமாங் ஆப்ல பிஎஃப் கணக்கு இருக்கான்னு பாருங்க. பிஎஃப் இஎஸ்ஐ ஓடிக்கிட்டு இருந்தா உங்களுக்கு அந்த பாதுகாப்புதான், நலவாரியம் கிடையாது, அதுல வருத்தப்பட ஒண்ணும் இல்ல, இஎஸ்ஐ-யில குடும்பத்துக்கே வைத்தியம் இருக்கு. முன்னாடி எப்பவோ ஒரு கம்பெனியில இருந்து விட்டுட்டு வந்து இப்போ மண்டியில நிக்கிறீங்கன்னா அந்த பழைய கணக்குல வேலையை விட்ட தேதி ஏறியிருக்கான்னு பாத்துக்கோங்க, ஏறலைன்னா இன்னும் அங்கயே வேலை பாக்குற மாதிரி காட்டும்.

எந்த வாரியம்ங்கிறதுலயும் குழப்பம் நிறைய. கட்டட வேலையில சித்தாளா மண்ணு, கல்லு, கலவை சுமக்குறவங்க கட்டுமான வாரியத்துல வருவாங்க, அங்க உதவித்தொகைகளும் கூட, ஏன்னா கட்டடச் செலவுல 1 சதவீதம் நல வரியா அந்த வாரியத்துக்கு போகுது. லாரி, மினி லாரி ஓட்டிக்கிட்டே சரக்கும் இறக்குறவங்களுக்கு ஓட்டுநர் வாரியம் தனியா இருக்கு. நிலத்துல கூலி வேலை பாத்துட்டு அறுவடை சீசன்ல மட்டும் மூட்டை தூக்குறவங்க வருவாய்த்துறை நடத்துற உழவர் பாதுகாப்புத் திட்டத்துல வரலாம், அது தாலுகா ஆபீஸ் வழியா. வருஷத்துல அதிக நாள் எந்த வேலை பாக்குறீங்களோ அதுல போங்க. மார்க்கெட், மண்டி, பார்சல் ஆபீஸ், குடோன், கூட்ஸ் ஷெட்னு மூட்டைதான் பொழப்புன்னா உடலுழைப்பு வாரியம், யோசிக்கவே வேணாம்.

பெண்கள் இதுல விடுபடுறதை பாக்கும்போது மனசு கஷ்டமா இருக்கு. மண்டியில சாக்கு தைக்கிறவங்க, சிந்துன தானியத்தை கூட்டி புடைக்கிறவங்க, தரம் பிரிக்கிறவங்க, மூட்டையை எடை மேடைக்கு தள்ளி விடுறவங்க எல்லாரும் உடம்பை வச்சு உழைக்கிறவங்கதான், "நான் மூட்டை தூக்கலையே"ன்னு சொல்லி ஒதுங்காதீங்க. படிவத்துல தொழில் பட்டியல் வரும், அதுல உங்க வேலைக்கு பொருந்துறதை பாத்து எடுங்க. பிரசவ உதவி, பிள்ளைங்க படிப்பு உதவி எல்லாம் உங்க பேர்லயே வரும்.

பேப்பர் எல்லாம் முதல்ல சரி பண்ணுங்க

வெப்சைட்டை திறக்குறதுக்கு முன்னாடி இந்த வேலையை முடிச்சிடணும். பேர் பொருந்தாம திரும்பி வர்ற மனு ரொம்ப. தேவைப்படுறது ஆதார், ரேஷன் கார்டு, பேங்க் பாஸ்புக், வயசு ஆதாரம், போட்டோ, பணிச்சான்று, அப்புறம் வாரிசா யாரை போடுறீங்களோ அவங்களோட ஆதார்.

ஆதாரையும் ரேஷன் கார்டையும் பாஸ்புக்கையும் பக்கத்துல பக்கத்துல வச்சு பாருங்க. ஒண்ணுல முருகேசன், இன்னொண்ணுல முருகேஷ், மூணாவதுல இனிஷியல் முன்னாடி, ஒண்ணுல இனிஷியலே இல்ல, இப்படித்தான் இருக்கும். எதை மாத்துறது சுலபம்னு பாத்து மாத்துங்க, பொதுவா ஆதாரை வச்சு மத்ததை அதுக்கு ஒத்துவர மாத்துறது நல்லது. பிறந்த தேதியை ரொம்ப கவனமா பாருங்க. நம்ம ஆளுங்க பல பேருக்கு ஆதார்ல ஜனவரி 1-ன்னு இருக்கும், ஏன்னா எடுக்கும்போது வருஷத்தை மட்டும் குத்துமதிப்பா சொன்னாங்க. ஆதார்ல பிறந்த தேதியை பொதுவா ஒரே ஒரு தடவைதான் மாத்த விடுவாங்க, அதனால பள்ளிக்கூட சர்டிஃபிகேட்டோ பிறப்புச் சான்றோ கையில வச்சுக்கிட்டு ஒரே தடவையில சரியா மாத்துங்க. இந்த தேதியை வச்சுத்தான் பின்னாடி பென்ஷன் என்னைக்கு ஆரம்பிக்கும்னு கணக்கு போடுவாங்க, அஞ்சு வயசு குறைச்சு பதிஞ்சிருந்தா அஞ்சு வருஷ பென்ஷன் போச்சு.

பேங்க் கணக்கு தொழிலாளி பேர்லயே இருக்கணும், நடப்புல இருக்கணும், ஆதார் இணைச்சிருக்கணும். ரொம்ப நாளா தொடாத கணக்கு முடங்கி கிடக்கும், ஒரு நூறு ரூபா போட்டு எடுத்து உயிரோட இருக்கான்னு பாத்துட்டு குடுங்க. பேங்க் ஒண்ணோட ஒண்ணு இணைஞ்சு ஐஎஃப்எஸ்சி கோட் மாறியிருந்தா பழைய பாஸ்புக்கை பாத்து போடாதீங்க, புது பாஸ்புக் வாங்கிட்டு அதை போடுங்க.

போன் நம்பர். இதுதான் நான் அடிச்சு சொல்றது. அந்த தொழிலாளியோட நம்பர், இல்லன்னா அதே வீட்டுல இருக்குறவங்க நம்பர் மட்டும் குடுங்க. ஓடிபி, மனு திரும்பி வந்த தகவல், புதுப்பிக்க சொல்ற தகவல் எல்லாம் அதுக்குத்தான் வரும். சென்டர்காரர் நம்பரையோ புரோக்கர் நம்பரையோ போட்டீங்கன்னா நாளைக்கு ஒரு கிளைம் போடணும்னாலும் அவர்கிட்டதான் போய் நிக்கணும்.

பணிச்சான்று, நிறைய பேர் மாட்டிக்கிறது இங்கதான்

நீங்க மூட்டை தூக்குறவர்னு யாராச்சும் எழுதி கையெழுத்து போட்டு தரணும். மத்த வேலையில முதலாளின்னு ஒருத்தர் இருப்பார். லோடுமேனுக்கு யார் முதலாளி? காலையில வெங்காய லாரி, மத்தியானம் அரிசி, சாயங்காலம் பார்சல் ஆபீஸ்ல சைக்கிள் பெட்டி, ஒரே நாள்ல அஞ்சு பேர்கிட்ட கூலி வாங்குறார், அதுவும் மேஸ்திரி வாங்கி செட்டுல இருக்குற எல்லாருக்கும் பங்கு பிரிச்சு குடுக்குறது. கேட்டா அஞ்சு பேருமே "என்கிட்ட நீ வேலை பாக்கலையே"ம்பாங்க. கடைக்காரருக்கு ஒரு பயம் இருக்கு, கையெழுத்து போட்டா நாளைக்கு இவனுக்கு பிஎஃப் கட்ட சொல்வாங்களோ, வேலையில இருந்து நிறுத்த முடியாதோன்னு. அவர்கிட்ட பொறுமையா சொல்லணும், "அண்ணாச்சி, இது நல வாரியத்துல பதியுறதுக்கு, நான் சுமை தூக்குறவன்னு மட்டும்தான் எழுதியிருக்கு, படிச்சு பாருங்க"ன்னு படிவத்தை கையில குடுத்துடுங்க. படிச்சு பாத்தா நிறைய பேர் போடுவாங்க.

போடலைன்னா அடுத்த வழி சங்கம். பதிவு பெற்ற தொழிற்சங்கம் பணிச்சான்று குடுக்கலாம். பெரிய மார்க்கெட்கள்ல, கூட்ஸ் ஷெட்ல, நுகர்பொருள் வாணிபக் கழக குடோன்கள்ல எல்லாம் சுமைப்பணித் தொழிலாளர் சங்கங்கள் இருக்கு, ஏதாவது ஒரு கொடி இருக்கும். சங்கத்துல உறுப்பினரா சேர சந்தா கேப்பாங்க, அது சங்கத்தோட சந்தா, அதுக்கு ரசீது குடுப்பாங்க, வாங்கி வச்சுக்கோங்க. அந்த சங்கத்துக்கு பதிவு எண் இருக்கான்னு கேளுங்க, லெட்டர்பேட்ல அச்சடிச்சிருக்கும், பதிவு எண் இல்லாத சங்கத்தோட சான்று செல்லாது. சங்கத்துல சேர்றது நல்லதுன்னுதான் நான் சொல்வேன், பணிச்சான்றுக்கு மட்டும் இல்ல, நாளைக்கு அடிபட்டா ஆஸ்பத்திரிக்கும் ஸ்டேஷனுக்கும் கூட வந்து நிக்கிற ஆளு அங்கதான் கிடைப்பாங்க.

மூணாவது வழி விஏஓ, கிராம நிர்வாக அலுவலர். அவர்கிட்ட போகும்போது வெறுங்கையோட போய் "சார் கையெழுத்து"ன்னு நிக்காதீங்க, அவருக்கு உங்களை தெரியாது. நீங்க வேலை பாக்குற இடத்துல ரெண்டு மூணு கடை பேரு, மேஸ்திரி பேரு நம்பர், வேலை பாக்குற போட்டோ ஒண்ணு ரெண்டு, எத்தனை வருஷமா பாக்குறீங்கன்னு ஒரு வெள்ளைத்தாள்ல எழுதிக்கிட்டு போங்க. விசாரிக்கிறவருக்கு விசாரிக்க ஒரு வழி காட்டிட்டோம்னா வேலை சீக்கிரம் நடக்கும். இந்த போட்டோ, கூலி எழுதுற நோட்டு, கேட் பாஸ், மார்க்கெட் கமிட்டி அடையாள அட்டை இதெல்லாம் எப்பவுமே சேத்து வைங்க, புதுசா வேலைக்கு வந்த முதல் மாசத்துல இருந்தே.

சான்றுல தேதி, கையெழுத்து போட்டவரோட பேர், முத்திரை, போன் நம்பர் எல்லாம் தெளிவா இருக்கணும். முத்திரை மங்கலா இருந்தா ஸ்கேன்ல ஒண்ணுமே தெரியாது, அதுக்காகவே மனு திரும்பி வரும்.

ஆன்லைன்ல போடுறது

2020-க்கு அப்புறம் பதிவு எல்லாம் ஆன்லைன்தான். தமிழ்நாடு அமைப்புசாரா தொழிலாளர் நல வாரிய வெப்சைட், முகவரி டிஎன்யுடபிள்யுடபிள்யுபி டாட் டிஎன் டாட் ஜிஓவி டாட் இன். கூகுள்ல தேடும்போது இதே மாதிரி பேர்ல பல தனியார் சைட் வரும், கடைசியில "டிஎன் டாட் ஜிஓவி டாட் இன்"னு முடியுதான்னு பாத்துட்டு உள்ள போங்க. தமிழ்லயும் பாத்துக்கலாம்.

போன் நம்பரை குடுத்தா ஓடிபி வரும், அதை போட்டு உள்ள போனதும் எந்த வாரியம், என்ன தொழில்னு கேக்கும், மேல சொன்ன மாதிரி உடலுழைப்பு வாரியம், சுமை தூக்குறது. அப்புறம் ஆதார் எண், பேர், பிறந்த தேதி, முகவரி. முகவரியில இப்போ இருக்குற இடம் எதுவோ அதை போடுங்க, ஏன்னா எந்த மாவட்ட ஆபீஸ் உங்க மனுவை பாக்கும்ங்கிறது அதை வச்சுத்தான். ராமநாதபுரத்துக்காரர் கோயம்பேட்டுல வேலை பாத்துக்கிட்டு சென்னையில குடியிருந்தா, ரேஷன் கார்டு ஊர்ல இருக்குன்னா, நிரந்தர முகவரிக்கும் தற்போதைய முகவரிக்கும் தனித்தனி இடம் இருக்கும், ரெண்டையும் உள்ளது உள்ளபடி போடுங்க.

குடும்ப விவரத்துல மனைவி, பிள்ளைங்க எல்லாரையும் சேருங்க. "சின்னக் குழந்தைதானே"ன்னு விட்டுடுறாங்க, பத்து வருஷம் கழிச்சு அந்த குழந்தை பத்தாவது படிக்கும்போது கல்வி உதவி கேட்டா உங்க பதிவுல அது பேரே இருக்காது. வாரிசு நியமனத்துல யோசிச்சு போடுங்க. கல்யாணத்துக்கு முன்னாடி அம்மா பேரை போட்டிருப்பீங்க, கல்யாணம் ஆனதும் மாத்தணும், அதை மறந்துட்டாங்கன்னா இறந்த பிறகு பணம் யாருக்குன்னு வீட்டுல பிரச்சனை வந்து ரெண்டு பக்கமும் இல்லாம நிக்கும்.

பேப்பரை எல்லாம் ஸ்கேன் பண்ணி ஏத்தணும். போன்லயே ஸ்கேனர் ஆப் வச்சு எடுத்தா போதும், ஆனா வெளிச்சத்துல வச்சு நேரா எடுங்க, ஃபைல் சைஸ் அளவு அங்கயே போட்டிருக்கும், அதுக்கு மேல போனா ஏறாது. எல்லாம் முடிச்சு சமர்ப்பிச்சதும் ஒரு விண்ணப்ப எண் வரும். ஸ்கிரீன்ஷாட் எடுத்து, வீட்டு சுவர்ல காலண்டர்லயும் எழுதி வைங்க.

அனுப்பினதுக்கு அப்புறம்

மனு மாவட்டத்துல இருக்குற தொழிலாளர் உதவி ஆணையர், சமூகப் பாதுகாப்புத் திட்டம், அந்த ஆபீஸுக்கு போகும். அங்க பேப்பரை சரிபாப்பாங்க, சந்தேகம் இருந்தா போன் பண்ணுவாங்க இல்ல நேர்ல கூப்பிடுவாங்க. தெரியாத நம்பர்னு கட் பண்ணாதீங்க. லோடு இறக்கிக்கிட்டு இருக்கும்போது போன் எடுக்க முடியாதுன்னா வீட்டுல இருக்குற ஒருத்தர்கிட்ட போனை குடுத்து வைக்கலாம். கூப்பிட்டா "நீங்க எங்க வேலை பாக்குறீங்க, என்ன சரக்கு, யார் மேஸ்திரி"ன்னு கேப்பாங்க, உள்ளதை சொன்னா போதும்.

வாரத்துக்கு ஒரு தடவை அதே வெப்சைட்ல உள்ள போய் நிலை என்னன்னு பாருங்க. திருப்பி அனுப்பியிருந்தா காரணம் எழுதியிருக்கும், பெரும்பாலும் சின்ன விஷயமாத்தான் இருக்கும், பாஸ்புக் முதல் பக்கம் தெரியல, சான்றுல தேதி இல்ல, அந்த மாதிரி. அதை சரி பண்ணி மறுபடி அனுப்புங்க. "ரிஜெக்ட் ஆயிடுச்சு"ன்னு விட்டுட்டு போறவங்க நிறைய, திருப்பி அனுப்புறதும் நிராகரிக்கிறதும் வேற வேற. நிராகரிச்சிருந்தாலும் காரணத்தை சரி பண்ணிட்டு புதுசா போட முடியும்.

ஒப்புதல் ஆயிடுச்சுன்னா பதிவு எண்ணோட அடையாள அட்டையை டவுன்லோட் பண்ணிக்கலாம். லேமினேட் பண்ணி ஒண்ணு பையில, ஒண்ணு வீட்டுல. பதிவு எண்ணை மனைவிக்கும் வளந்த பிள்ளைக்கும் கண்டிப்பா சொல்லி வைங்க, ஏன்னா இறப்பு உதவிக்கு மனு போடப்போறது அவங்கதான்.

புதுப்பிக்கிறது

பதிவு 5 வருஷத்துக்கு. அது முடியுறதுக்குள்ள புதுப்பிக்கணும், அதுக்கு மறுபடி பணிச்சான்று வேணும். நான் பாத்த வரைக்கும் கிளைம் கிடைக்காம போறதுக்கு பெரிய காரணம் இதுதான், ஆள் பதிஞ்சிருப்பார், கார்டு பெட்டியில பத்திரமா இருக்கும், ஆனா தேதி முடிஞ்சு போயிருக்கும், அந்த நேரத்துல பாத்து மனுஷன் லாரியில இருந்து விழுந்திருப்பார். அட்டையில இருக்குற கடைசி தேதிக்கு ரெண்டு மூணு மாசம் முன்னாடியே போன்ல அலாரம் வைங்க, செட்டுல எல்லாரும் ஒண்ணா பதிஞ்சிருந்தா ஒண்ணாவே புதுப்பிச்சுடலாம், ஒருத்தர் மறந்தாலும் இன்னொருத்தர் ஞாபகப்படுத்துவார்.

போன் நம்பர், வீடு, பேங்க், வாரிசு எது மாறினாலும் அப்பவே மாத்திடுங்க, புதுப்பிக்கும்போது பாத்துக்கலாம்னு விடாதீங்க.

கிளைம் போடும்போது

எந்த உதவிக்கும் அதே வெப்சைட்லதான் மனு. தொகை எவ்வளவுங்கிறது அரசாணைக்கு ஏத்த மாதிரி கூடும், அதனால யாரோ வாட்ஸ்அப்ல அனுப்பின பழைய பட்டியலை நம்பாம சைட்ல இருக்குறதை பாருங்க.

கல்வி உதவிக்கு பள்ளியில, காலேஜ்ல இருந்து படிக்கிற சான்று வேணும், ஹாஸ்டல்ல இருந்தா அதுக்கும் சேத்து வாங்குங்க, ஹாஸ்டல் பிள்ளைங்களுக்கு தொகை கூட. வருஷா வருஷம் தனித்தனியா போடணும், ஒரு தடவை போட்டா தானா வராது. கல்யாண உதவிக்கு பத்திரிகையும் திருமணப் பதிவுச் சான்றும் எடுத்து வைங்க.

விபத்துல இறந்தா எஃப்ஐஆரும் போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட்டும் இல்லாம விபத்துன்னு நிரூபிக்க முடியாது. மூட்டை அடுக்கு சரிஞ்சு விழுந்து அடிபட்டவரை நேரா வீட்டுக்கு தூக்கிட்டு போய், அப்புறம் இறந்து போய், உடம்பை அப்படியே அடக்கம் பண்ணிட்டாங்கன்னா அது இயற்கை மரணம்னுதான் கணக்குல வரும், குடும்பத்துக்கு கிடைக்கிற தொகை ரொம்ப குறைஞ்சுடும். அந்த நேரத்துல வீட்டுல இருக்குறவங்களுக்கு இதெல்லாம் யோசிக்கிற நிலைமை இருக்காது, அதனால செட்டுல கூட வேலை பாக்குறவங்கதான் முன்ன நின்னு அரசு ஆஸ்பத்திரிக்கு கொண்டு போகணும், எப்படி நடந்துச்சுன்னு டாக்டர்கிட்ட சரியா சொல்லி எழுத வைக்கணும், ஸ்டேஷன்ல புகார் குடுக்கணும்.

இன்னொண்ணு, வாரியம் குடுக்குற விபத்து உதவி வேற, வேலை குடுத்தவர் குடுக்க வேண்டிய இழப்பீடு வேற. வேலையில அடிபட்டா முதலாளிகிட்ட இழப்பீடு கேக்குற உரிமை 1923-ம் வருஷத்து சட்டத்துல இருந்தே இருக்கு. "வாரியத்துல வாங்கிக்கோ"ன்னு சொல்லி வெள்ளைப் பேப்பர்ல கையெழுத்து வாங்கப் பாப்பாங்க, போடாதீங்க. சங்கத்துலயோ மாவட்ட சட்ட உதவி மையத்துலயோ கேட்டுட்டு செய்யுங்க, சட்ட உதவி மையத்துல இலவசமாவே வக்கீல் குடுப்பாங்க.

பென்ஷன் 60 முடிஞ்சதும் தானா வராது, மனு போடணும். அந்த நேரத்துல பதிவு நடப்புல இருக்கணும். 59 வயசுல வந்து "இப்போ பதிஞ்சா பென்ஷன் வருமா"ன்னு கேக்குறவங்களை பாத்தா பாவமா இருக்கும், முப்பது வருஷம் முதுகுல சுமந்தவர், பதியுறதுக்கு மட்டும் யாரும் சொல்லலை. இருவது வயசுல வேலைக்கு வந்த தம்பிங்க இப்பவே பதிஞ்சிடுங்க. பென்ஷன் வர ஆரம்பிச்சதும் வருஷத்துக்கு ஒரு தடவை உயிரோட இருக்கேன்னு வாழ்நாள் சான்று குடுக்கணும், குடுக்கலைன்னா நின்னுடும்.

இ-ஷ்ரம் கார்டு இருக்கே, அது போதாதா?

போதாது. இந்த கேள்வி எல்லாரும் கேக்குறது. இ-ஷ்ரம்ங்கிறது மத்திய அரசு 2021 ஆகஸ்ட்ல ஆரம்பிச்ச அமைப்புசாரா தொழிலாளர் பட்டியல், 12 இலக்க நம்பர் ஒண்ணு குடுப்பாங்க, 16-ல இருந்து 59 வயசு வரைக்கும் பதியலாம், அதுவும் இலவசம்தான். அதை வச்சு தமிழ்நாடு வாரியத்துல கல்வி உதவியோ பென்ஷனோ கேக்க முடியாது. ரெண்டுலயும் பதியலாம், பதியணும். கார்டு கலர் கலரா இருக்குறதால இ-ஷ்ரம் அட்டையை காட்டி "நான் வாரியத்துல இருக்கேன்"னு நினைச்சுக்கிட்டு இருக்குறவங்க நிறைய பேர், உங்க அட்டையில தமிழ்நாடு நல வாரியப் பதிவு எண் இருக்கான்னு ஒரு தடவை எடுத்து பாருங்க.

18-ல இருந்து 40 வயசுக்குள்ள, மாச வருமானம் 15,000-க்குள்ள இருக்குறவங்களுக்கு மத்திய அரசோட ஷ்ரம் யோகி மான்தன் பென்ஷன் திட்டமும் இருக்கு, 2019-ல வந்தது. 18 வயசுல சேர்ந்தா மாசம் 55 ரூபா, 40 வயசுல சேர்ந்தா 200 ரூபா, அரசும் அதே அளவு போடும், 60-க்கு மேல மாசம் 3,000. மாசாமாசம் கணக்குல இருந்து பிடிப்பாங்க, நமக்கு கூலி ஒரு நாள் இருக்கும் ஒரு நாள் இருக்காது, அதனால விடாம கட்ட முடியுமான்னு யோசிச்சு சேருங்க. வைத்தியத்துக்கு முதலமைச்சர் காப்பீட்டுத் திட்டம் தனி, வருஷ வருமானம் 1,20,000-க்குள்ள இருந்தா குடும்பத்துக்கு 5 லட்சம் வரைக்கும் ஆஸ்பத்திரி செலவு, அதுக்கு கலெக்டர் ஆபீஸ்ல இருக்குற மையத்துல பதியணும். முதுகெலும்பு, முட்டி, குடலிறக்கம்னு லோடுமேனுக்கு வர்ற நோய் எல்லாத்துக்கும் செலவு அதிகம், இதை தள்ளிப் போடாதீங்க.

கேரளா பக்கம் வேலைக்கு போறவங்களுக்கு

குமுளி, பாலக்காடு தாண்டி சுமடு வேலைக்கு போற தம்பிங்களுக்கு தமிழ்நாட்டு கார்டு அங்க உதவாது. அங்க சுமட்டுத் தொழிலாளர் சட்டத்துல 26ஏ-ன்னு ஒரு விதி, அதுப்படி அசிஸ்டன்ட் லேபர் ஆபீசர்கிட்ட மனு போட்டு பதிவு வாங்கணும், 26ஏ கார்டுன்னே சொல்வாங்க. ஒரே கடையிலயோ கம்பெனியிலயோ நிலையா வேலைன்னா அந்த முதலாளி மூலமா பதியுறது ஒரு வகை, பொதுவா ஏரியாவுல வேலை பாக்குறது இன்னொரு வகை. கார்டு இல்லாம இறங்கினா அந்த ஏரியா தொழிலாளிகளோட தகராறு வரும், அதனால போற இடத்துல முதலாளிகிட்ட முன்னாடியே கேட்டுட்டு போங்க.

மனு நகரலைன்னா

ஒரு மாசம் ரெண்டு மாசம் ஆகியும் மனு அப்படியே கிடந்தா விண்ணப்ப எண்ணோட நேரா மாவட்ட ஆபீஸுக்கு போங்க, சத்தம் போடாம, எந்த மேசையில நிக்குதுன்னு கேளுங்க. அங்க பதில் இல்லைன்னா திங்கக்கிழமை கலெக்டர் ஆபீஸ்ல குறைதீர்க்கும் நாள்ல எழுதிக் குடுங்க, மனு எண் குடுப்பாங்க, அதை வச்சு பின்தொடரலாம். முதல்வர் உதவி மைய நம்பர் 1100, அதுலயும் பதியலாம். எழுதும்போது கதை வேணாம், பேர், விண்ணப்ப எண், அனுப்பின தேதி, எந்த ஆபீஸ், என்ன கேக்குறோம், அஞ்சே வரி. ஒரு செட்டுல நாலஞ்சு பேருக்கு இதே மாதிரி நிக்குதுன்னா எல்லார் விண்ணப்ப எண்ணையும் ஒரே மனுவுல எழுதி ஒண்ணா கையெழுத்து போட்டு குடுங்க, ஒரு நகல்ல ஆபீஸ் சீல் வாங்கிட்டு வந்துடுங்க.